திரை மூலையில் ஓடும் எண்: ஒரு சிறு வரலாறு



நம் வளாகத்தில் கம்ப்யூட்டரில் விளையாடுபவர்கள் உள்ள வீடுகள் பல. பள்ளிப் பிள்ளைகள் மட்டுமில்லை, ஐ.டி. வேலை முடிந்து இரவு பத்து மணிக்கு மேல் விளையாட உட்காரும் பெரியவர்களும் உண்டு. அவர்களுக்குப் பின்னால் நின்று பார்த்தால் திரையின் ஒரு மூலையில் சில எண்கள் ஓடுவதைக் காணலாம். 58, 61, 60, 43 என்று நொடிக்கு நொடி மாறிக்கொண்டே இருக்கும். அதற்குக் கீழே கார்டின் சூடு, மின்சாரச் செலவு என்று இன்னும் நான்கைந்து வரிகள். விளையாட்டின் மேல் கண்ணாடித் தாள் போல விரிக்கப்படும் இதற்கு ‘ஓவர்லே’ என்று பெயர். கிராபிக்ஸ் கார்டு வாங்கும்போது அதனுடன் வரும் மென்பொருளிலேயே இப்போது இது கிடைக்கிறது.

விளையாட்டுச் சமாச்சாரத்தில் ஓய்வுபெற்ற வங்கி குமாஸ்தாவுக்கு என்ன வேலை என்று கேட்கலாம். ஒரு கிராபிக்ஸ் கார்டு இன்று இருபதாயிரம், முப்பதாயிரம் ரூபாய். உயர்ந்த ரகம் லட்சத்தைத் தாண்டுகிறது. அவ்வளவு பணம் கொடுத்து வாங்கும் பொருள் சொன்னபடி வேலை செய்கிறதா என்று வாங்கியவர் சரிபார்க்க உள்ள வழி அந்த மூலை எண்தான். அந்த எண்ணை யார் எழுதுகிறார், அதை யார் சரிபார்க்கிறார் என்ற கேள்வி முப்பது வருட வரலாறு உள்ளது. அந்த வரலாறு எங்கள் கவுண்டர் வேலைக்கு மிக நெருக்கமானது.

எண் எதைச் சொல்கிறது?

சினிமா போலவே கம்ப்யூட்டர் விளையாட்டும் அசையாப் படங்களின் வரிசைதான். ஒரு நொடிக்குள் எத்தனை படங்கள் திரைக்கு வந்தன என்பதே அந்த எண். எஃப்.பி.எஸ்., அதாவது ஃப்ரேம்ஸ் பெர் செகண்ட். 60 என்றால் சராசரியாக ஒரு படத்துக்குச் சுமார் 16.7 மில்லிசெகண்டு. 30 என்றால் 33 மில்லிசெகண்டு. படங்கள் தாமதித்து வந்தால் கை அசைவதற்கும் திரை அசைவதற்கும் இடையே இழுபறி தெரியும்.

இதை எண்ணுவது எப்படி? ஒவ்வொரு படத்தையும் வரைந்து முடித்ததும் விளையாட்டு அதை ‘திரையில் காட்டு’ என்று ஒப்படைக்கும். மைக்ரோசாஃப்டின் டைரக்ட்எக்ஸ் முறையில் அந்தக் கட்டளைக்கு ‘பிரசென்ட்’ என்று பெயர். ஓவர்லே மென்பொருள் சரியாக அந்த வாசலில் போய் நின்றுகொள்ளும். கடந்து போகும் ஒவ்வொரு படத்தையும் நிறுத்தி, எண்ணிக்கையில் ஒன்றைக் கூட்டி, மூலையில் எண்ணை எழுதி, பிறகு உள்ளே விடும். வங்கியில் தபால் பிரிவில் ஒவ்வொரு கடிதத்திலும் தேதி முத்திரை குத்தி உள்ளே அனுப்புவார்களே, அதே வேலை. முத்திரை குத்துவதற்கும் கொஞ்சம் நேரம் பிடிக்கும் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் அது தேவைப்படும்.

கடைசியில் வந்த ரிப்போர்ட்

1996இல் ‘க்வேக்’ என்ற விளையாட்டு வெளிவந்தது. அதே வருடம் 3டிஎஃப்எக்ஸ் நிறுவனத்தின் வூடூ கார்டும் வந்து, வீட்டுக் கம்ப்யூட்டரில் முப்பரிமாண விளையாட்டு என்பது பெரிய வியாபாரமாக மாறத் தொடங்கியது. க்வேக்கில் ‘டைம்டெமோ’ என்று ஒரு கட்டளை உண்டு. முன்பே பதிவுசெய்த ஆட்டத்தைக் கம்ப்யூட்டர் தன்னால் இயன்ற வேகத்தில் ஓட்டிக் காட்டி, முடிந்ததும் எத்தனை படம், எத்தனை நொடி, சராசரி என்ன என்று ஒரு வரியில் சொல்லும். எங்கள் நாளில் மாலை கணக்கு முடித்து டே புக்கில் வரும் மொத்தம் போல. நடுவில் என்ன நடந்தது என்பது அதில் தெரியாது.

கார்டுகளை ஒப்பிட்டு எழுதிய பத்திரிகைகளும் இணையதளங்களும் இந்த ஒரு வரியை வைத்துத்தான் பட்டியல் போட்டன. பட்டியலில் முதலிடம் வந்த கார்டு விற்றது. ஆகவே பட்டியலில் முதலிடம் வருவதே ஒரு தனித் தொழிலாக மாறியதில் வியப்பில்லை.

பெயரை மாற்றினார்கள்

2001இல் ஏ.டி.ஐ. நிறுவனத்தின் ரேடியான் 8500 கார்டு சந்தைக்கு வந்த சமயம். அப்போது எல்லோரும் அளவுகோலாக வைத்திருந்தது ‘க்வேக் 3’. ஹார்ட்ஓ.சி.பி. என்ற இணையதளம் அந்த ஆண்டு அக்டோபரில் ஒரு சோதனை செய்து வெளியிட்டது. விளையாட்டின் கோப்பில் ‘க்வேக்’ என்று இருந்த பெயரை மாற்றி ‘க்வாக்’ என்று வைத்தார்கள். விளையாட்டு அதேதான், கார்டு அதேதான். ஆனால் வேகம் குறைந்தது, படத்தின் தரம் கூடியது. கார்டின் டிரைவர் மென்பொருள் ‘க்வேக் 3’ என்ற பெயரைக் கண்டால் மட்டும் படத்தின் தரத்தைக் குறைத்து வேகத்தைக் கூட்டியிருந்தது என்பது இதிலிருந்து தெரிந்தது. இன்ஸ்பெக்‌ஷன் வரும் தேதியை முன்கூட்டியே அறிந்த கிளை அன்று மட்டும் ஜொலிப்பது போன்ற கதை.

இரண்டு வருடம் கழித்து, 2003 மே மாதம், போட்டி நிறுவனமான என்விடியாவின் முறை வந்தது. ‘3டிமார்க்03’ என்பது கார்டுகளை அளப்பதற்கென்றே எழுதப்பட்ட மென்பொருள். அதை உருவாக்கிய ஃபியூச்சர்மார்க் நிறுவனம் தணிக்கை அறிக்கை ஒன்றை வெளியிட்டது. என்விடியாவின் டிரைவர் சோதனை ஓடுவதை அடையாளம் கண்டு, கேமரா பார்க்காத பகுதிகளை வரையாமல் விட்டுவிடுகிறது என்று அறிக்கை கூறியது. அந்தக் குறுக்குவழிகளை அடைத்து மறுபடி ஓட்டியபோது ஜீஃபோர்ஸ் எஃப்எக்ஸ் 5900 அல்ட்ரா கார்டின் மதிப்பெண் சுமார் 24 சதவீதம் விழுந்தது. ஏ.டி.ஐ. கார்டும் விழுந்தது, ஆனால் 2 சதவீதத்துக்கும் குறைவு. அடுத்த மாதமே இரு தரப்பும் சேர்ந்து ஓர் அறிக்கை விட்டன. ‘ஏமாற்று’ என்ற சொல் மறைந்து, ‘குறிப்பிட்ட மென்பொருளுக்கான மேம்பாடு’ என்ற சொல் வந்தது. கடன் வசூலாகாத கணக்குக்கு வங்கிகள் வைக்கும் அழகான பெயர்களை அறிந்தவர்களுக்கு இது புதிதாக இருக்காது.

இரண்டு சம்பவங்களிலும் கண்டுபிடித்தவர் வெளியாள். கார்டு விற்பவர் இல்லை என்பதைக் கவனிக்கவும்.

வெளியாளின் தராசு

ஆயத்த சோதனையை முன்கூட்டியே தெரிந்துகொண்டு தயாராகலாம். நாம் நிஜமாக விளையாடும்போதே எண்ணினால்? அதற்கான கருவி 1999இலேயே வந்திருந்தது. ஆஸ்திரேலியாவின் பீப்பா என்ற சிறு நிறுவனம் வெளியிட்ட ‘ஃப்ராப்ஸ்’. ஃப்ரேம்ஸ் பெர் செகண்ட் என்பதிலிருந்து பிறந்த பெயர். திரை மூலையில் மஞ்சள் நிறத்தில் பெரிய எண், அவ்வளவுதான். எந்தக் கார்டானாலும், எந்த விளையாட்டானாலும் எண்ணும். பத்திரிகைக்காரர் தன் மேசையில் பார்த்த அதே எண்ணை வாங்கியவர் தன் வீட்டில் பார்க்க முடிந்தது. ஆட்டத்தை வீடியோவாகப் பதிவுசெய்யவும் ஃப்ராப்ஸ் உதவியது. ஆனால் பதிவை ஓட்டினால் விளையாட்டு திணறும், கோப்புகளும் 4 ஜி.பி. 4 ஜி.பி.யாக ஹார்ட் டிஸ்க்கை நிரப்பும்.

அந்த மூலைக்கு வேறு மதிப்பும் உண்டு என்று மற்றவர்கள் கண்டுகொண்டார்கள். 2004இல் வந்த ‘எக்ஸ்ஃபயர்’, விளையாட்டை விட்டு வெளியே வராமலே நண்பர்களுக்குச் செய்தி அனுப்ப வழி செய்தது. 2006இல் அமெரிக்காவின் வயாகாம் நிறுவனம் அதை 10.2 கோடி டாலருக்கு வாங்கியது. விளையாட்டின் மேல் விரித்த ஒரு கண்ணாடித் தாளுக்கு அந்த விலை. 2007இல் ‘ஸ்டீம்’ தன் சொந்த ஓவர்லேயைக் கொண்டுவந்தது. ஷிஃப்ட்டையும் டேபையும் சேர்த்து அழுத்தினால் இன்றும் அது விரியும். எக்ஸ்ஃபயர் 2015இல் மூடப்பட்டது.

சராசரியும் மினிமம் பேலன்ஸும்

இனி சொல்லப்போவது எனக்கு மிகவும் பிடித்த பகுதி. 2011 செப்டம்பரில் ‘தி டெக் ரிப்போர்ட்’ என்ற இணையதளத்தில் ஸ்காட் வாசன் ஒரு கட்டுரை எழுதினார். நொடிக்கு எத்தனை படம் என்று எண்ணுவதே போதாது, அந்த ஒரு நொடிக்குள் ஒவ்வொரு படமும் எவ்வளவு நேரம் எடுத்தது என்று பார்க்க வேண்டும் என்பது அவர் வாதம். ஒரு நொடியில் 60 படங்கள் வந்தன என்று வைத்துக்கொள்வோம். 59 படங்கள் முதல் அரை நொடிக்குள் மளமளவென்று வந்துவிட்டு, கடைசிப் படம் மட்டும் அரை நொடி தாமதித்தால்? மூலை எண் 60 என்றுதான் காட்டும். விளையாடுபவருக்கோ திரை அரை நொடி உறைந்து நின்றது போல இருக்கும்.

வங்கிக்கணக்கு வைத்திருந்த பழைய ஆட்களுக்கு இதை எளிதில் புரியவைக்கலாம். 2010 மார்ச் 31 வரை சேமிப்புக் கணக்குக்கு வட்டி எப்படிப் போட்டோம் என்று நினைவிருக்கிறதா? மாதத்தின் 10ஆம் தேதியிலிருந்து கடைசி நாள் வரை கணக்கில் இருந்த மிகக் குறைந்த தொகைக்குத்தான் வட்டி. 9ஆம் தேதி ஒரு லட்சம் போட்டு 29ஆம் தேதி முழுவதும் எடுத்தால், இருபது நாள் பணம் கிடந்தும் வட்டி பூஜ்யம். ‘இது என்ன நியாயம்’ என்று கவுண்டரில் சண்டை போடாதவர் குறைவு. 2010 ஏப்ரல் 1 முதல் ரிசர்வ் வங்கி உத்தரவுப்படி தினசரி இருப்புக்கு வட்டி வந்தது. பணம் ஒன்றுதான், கணக்கிடும் முறை மாறியதும் விடை மாறியது.

பணத்துக்குத் தினசரிக் கணக்கு நியாயம். விளையாட்டுக்கோ பழைய மினிமம் பேலன்ஸ் முறைதான் நியாயம்! ஏனென்றால் விளையாடுபவர் சராசரியை உணர்வதில்லை. மிக மோசமான அந்தக் கணத்தைத்தான் உணர்கிறார். வாசன் பயன்படுத்திய ஓர் அளவு, நூற்றில் 99 படங்கள் எத்தனை மில்லிசெகண்டுக்குள் வந்து சேர்ந்தன என்பது. இன்று ஓவர்லேக்களில் ‘1% லோ’ என்று ஒரு வரி ஓடுகிறதே, அது இந்தச் சிந்தனையின் வாரிசு. படங்களில் மிகத் தாமதமாக வந்த நூற்றில் ஒரு பங்கை வைத்துக் கணக்கிடும் எண் அது.

வண்ணப் பட்டை

2013இல் இன்னொரு திருப்பம். அக்காலத்தில் இரண்டு கார்டுகளை ஒரே கம்ப்யூட்டரில் மாட்டி விளையாடும் வழக்கம் இருந்தது. ஏ.டி.ஐ.யை 2006இல் வாங்கிய ஏ.எம்.டி., இந்த ஏற்பாட்டுக்கு ‘கிராஸ்ஃபயர்’ என்று பெயர் வைத்திருந்தது. ஃப்ராப்ஸ் வைத்து எண்ணினால் இரண்டாவது கார்டு மாட்டியதும் எண் ஏறத்தாழ இரட்டிக்கும். கண்ணால் பார்த்தால் அவ்வளவு முன்னேற்றம் தெரியவில்லை.

என்விடியா ‘எஃப்.கேட்’ என்ற சோதனை முறையை உருவாக்கி விமர்சகர்களுக்குக் கொடுத்தது. ஒவ்வொரு படத்தின் இடது ஓரத்திலும் வேறு வேறு நிறத்தில் ஒரு பட்டையை ஓவர்லேயாகப் பூசுவார்கள். திரைக்குப் போகும் காட்சியை இன்னொரு கம்ப்யூட்டர் அப்படியே பிடித்துவைக்கும். பிறகு எந்த நிறப் பட்டை எவ்வளவு உயரம் திரையில் இடம்பிடித்தது என்று அளப்பார்கள். பி.சி. பெர்ஸ்பெக்டிவ் இணையதளத்தின் ரயன் ஷ்ரவுட் இந்த முறையில் அளந்து வெளியிட்டபோது உண்மை வெளிவந்தது. கிராஸ்ஃபயரில் வந்த படங்களில் பல, திரையில் சில கோடுகள் உயரமே இடம்பெற்ற துண்டுகள். கண்ணுக்குத் தெரியாத அந்தத் துண்டையும் முழுப் படமாகவே ஃப்ராப்ஸ் எண்ணியிருந்தது. ஒரு ரூபாய் வரவையும் லட்ச ரூபாய் வரவையும் ‘இரண்டு வரவு’ என்று எழுதியது போல. அதே ஆண்டு ஆகஸ்டில் ஏ.எம்.டி. படங்களைச் சீரான இடைவெளியில் அனுப்பும் புதிய டிரைவரை வெளியிட்டது. வாங்கிவைத்திருந்தவர்களுக்கு அதே கார்டில் சீரான ஆட்டம் கிடைத்தது. ஒழுங்காக அளந்ததால் வந்த பயன் இது.

ஒரு வியாபாரி கொடுத்த தராசுதான் எதிர்க்கடையின் குறையைக் காட்டியது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். எஃப்.கேட் அளந்தது சரி. ஆனால் தன் கடைக் குறையைக் காட்டும் தராசை யாரும் தானாகச் செய்து கொடுப்பதில்லை.

விற்பவர் கையில் தராசு

ஃப்ராப்ஸின் கடைசிப் பதிப்பு 2013 பிப்ரவரியில் வந்தது. அதே ஆண்டுதான் என்விடியாவின் ‘ஜீஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ்’ முழு வடிவில் வந்தது. அக்டோபரில் அதில் ‘ஷேடோபிளே’ சேர்ந்தது. இது உண்மையிலேயே நல்ல கண்டுபிடிப்பு. வீடியோ பதிவுக்கென்று கார்டிலேயே தனிச் சுற்று இருந்ததால் விளையாட்டு திணறவில்லை. நம் கேட்டில் உள்ள சி.சி.டி.வி. எப்படிப் பழைய பதிவை அழித்து அழித்துப் புதியதை எழுதுகிறதோ, அப்படியே இதுவும் கடைசிச் சில நிமிடங்களை எப்போதும் கையில் வைத்திருக்கும். நல்ல ஆட்டம் ஒன்று நடந்து முடிந்த பிறகு ஆல்ட்டையும் எஃப்10ஐயும் அழுத்தினால் நடந்தது கோப்பாகச் சேமிக்கப்படும். ஏ.எம்.டி. 2016 டிசம்பரில் ‘ரிலைவ்’ என்று இதே வசதியைத் தன் டிரைவரில் சேர்த்தது. அடுத்த ஆண்டு ‘அட்ரினலின்’ பதிப்பில் தன் ஓவர்லேயையும் கொடுத்தது. விண்டோஸும் 2015 முதல் தன் பங்குக்கு ‘கேம் பார்’ வைத்திருக்கிறது.

வசதி இலவசம் என்றாலும் நிபந்தனைகள் வந்தன. 2016 செப்டம்பரில் வந்த ஜீஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் 3.0, கணக்குத் தொடங்கி உள்நுழைந்தால்தான் வேலை செய்யும் என்றது. காசு கொடுத்து வாங்கிய கார்டின் வசதியைப் பயன்படுத்த ஏன் என் மின்னஞ்சல் என்று பலர் கேட்டார்கள். எட்டு வருடம் கழித்து, 2024 நவம்பரில் அதற்குப் பதிலாக ‘என்விடியா ஆப்’ முறையாக வந்தபோதுதான் அந்தக் கட்டாயம் நீங்கியது.

அடுத்த மாதமே இன்னொன்று தெரியவந்தது. புதிய ஆப்பை நிறுவியவர்களுக்குச் சில விளையாட்டுகளில் வேகம் 15 சதவீதம் வரை குறைந்தது. ஓவர்லேயில் உள்ள ‘கேம் ஃபில்டர்’, ‘ஃபோட்டோ மோட்’ என்ற வசதிகள்தான் காரணம். நிறத்தை மாற்றிப் பார்க்கவும் ஆட்டத்தின் நடுவே படம் எடுக்கவும் உதவுபவை அவை. அவற்றை யாரும் பயன்படுத்த வேண்டியதுகூட இல்லை. வாசலில் காத்துக்கொண்டு நின்றாலே தாமதம். முத்திரை குத்தவும் நேரம் பிடிக்கும் என்று முன்பு சொன்னது இதுதான். பயனாளர்களும் வெளி விமர்சகர்களும் அளந்து சொன்ன பிறகு, அவற்றை அணைத்துவைக்கும்படி என்விடியா கூறியது. பிறகு அவை தாமாகவே அணைந்திருக்கும்படி ஆப்பையும் திருத்தியது.

வேகத்தைக் காட்ட வந்த ஓவர்லேயே வேகத்தைக் குறைத்தது. அதை அந்த ஓவர்லேயின் மூலை எண்ணைப் பார்த்து மட்டும் கண்டுபிடித்திருக்க முடியாது. ஓவர்லே இல்லாமல் ஒருமுறை, இருக்கும்போது ஒருமுறை என்று வேறொருவர் அளந்ததால்தான் தெரிந்தது. வங்கியில் வவுச்சர் போடுபவர் ஒருவர், பாஸ் செய்பவர் வேறொருவர் என்ற விதி இருப்பது இதற்காகத்தான். யார்மீதும் சந்தேகப்பட்டு வைத்த விதி அல்ல அது. ஒருவரே இரண்டையும் செய்தால் நேர்மையானவருக்கும் தன் தவறு தன் கண்ணில் படாது.

சரிபார்ப்பவர்களின் நிலை

வெளியாட்களின் கருவிகள் எவ்வளவு மெல்லிய நூலில் தொங்குகின்றன என்பதற்கு 2023இல் நடந்த ஒன்று சாட்சி. எந்த நிறுவனத்தின் கார்டிலும் வேலை செய்யும் இலவச மென்பொருள் ‘எம்.எஸ்.ஐ. ஆஃப்டர்பர்னர்’. அதை எழுதியவர் ரஷ்யாவைச் சேர்ந்த அலெக்ஸி நிகோலாய்சுக். என்விடியாவின் பழைய ரிவா கார்டுகள் காலத்தில் ‘ரிவாட்யூனர்’ எழுதியவரும் அவர்தான். அவருக்குப் பணம் கொடுத்து மென்பொருளை வெளியிட்டு வந்தது தைவான் நிறுவனமான எம்.எஸ்.ஐ. உக்ரைன் போருக்குப் பின் அந்தப் பணம் வருவது நின்று ஓராண்டை நெருங்குகிறது, இந்தத் திட்டம் அநேகமாக முடிந்துவிட்டது என்று 2023 ஜனவரியில் அவர் எழுதினார். போர்ச் சூழலால் பணம் அனுப்புவதில்தான் சிக்கல், அதைத் தீர்க்க முயல்கிறோம் என்று எம்.எஸ்.ஐ. பதில் சொன்னது. பிறகு புதிய பதிப்பும் வந்தது. உலகமெங்கும் பலர் திரை மூலையில் நம்பிப் பார்க்கும் எண்ணுக்குப் பின்னால் ஒரே ஒரு மனிதர். அவருக்குப் போக வேண்டிய அயல்நாட்டுப் பணம் பட்டுவாடா ஆகாததால் எல்லாம் நிற்கப் பார்த்தது. ஃபாரின் எக்ஸ்சேஞ்ச் பிரிவில் உட்கார்ந்தவர்களுக்கு இதன் கனம் தெரியும்.

சரிபார்த்த மனிதர்களுக்கு என்ன ஆயிற்று? ஸ்காட் வாசன் ஏ.எம்.டி.யில் வேலைக்குச் சேரப்போவதாக 2015 டிசம்பரில் அறிவித்தார். ரயன் ஷ்ரவுட் 2018இல் இன்டெலில் சேர்ந்தார். ‘க்வாக்’ கதையை வெளியிட்ட ஹார்ட்ஓ.சி.பி.யின் கைல் பென்னட்டும் 2019இல் இன்டெலுக்குப் போனார். திறமைசாலிகளை நிறுவனங்கள் அழைப்பதிலோ அவர்கள் போவதிலோ தவறில்லை. உள்ளே போன பின் அவர்களால் பொருளின் தரம் உயர்ந்தும் இருக்கலாம். ஆனால் வெளியே நின்று தணிக்கை செய்த நாற்காலிகள் காலியாயின என்பதும் உண்மை.

எல்லோருக்கும் பொதுவான பேரேடு

நல்ல செய்தியும் உண்டு. இன்டெல் ஊழியர்கள் தொடங்கிய ‘பிரசென்ட்மான்’ என்ற கருவியின் மூலநிரல் முழுவதும் பொதுவில் உள்ளது. யார் வேண்டுமானாலும் படித்துப் பார்க்கலாம், திருத்தலாம். இது விளையாட்டின் வாசலில் போய் நிற்பதில்லை. விண்டோஸ் தன்னிடம் வந்துபோகும் நிகழ்வுகளுக்குத் தானே ஒரு பதிவேடு வைத்திருக்கிறது. அந்தப் பதிவேட்டைப் படித்து எண்ணுகிறது பிரசென்ட்மான். கவுண்டரில் போய் நின்று எண்ணாமல் பேரேட்டை எடுத்துப் பார்க்கும் தணிக்கையாளரைப் போல.

இதில் ஒரு வேடிக்கை: என்விடியா 2019இல் வெளியிட்ட ‘ஃப்ரேம்வியூ’ கருவியும் ஏ.எம்.டி. பக்கத்திலிருந்து வந்த ‘ஓகேட்’ கருவியும் இந்த பிரசென்ட்மானின் மீதுதான் கட்டப்பட்டவை. 2023 ஆகஸ்டில் இன்டெல் இதற்குத் தனி ஓவர்லேயும் கொடுத்தது. ஒருவருக்கொருவர் கடும் போட்டியில் உள்ள மூன்று நிறுவனங்கள் ஒரே திறந்த பேரேட்டை ஏற்றுக்கொண்டிருக்கின்றன. 2001, 2003 கதைகளைப் படித்தபின் இது சிறிய சாதனை இல்லை.

கடைத் தராசுக்கு அரசு முத்திரை இருக்கிறது. பெட்ரோல் பங்கில் சந்தேகம் வந்தால் முத்திரையிட்ட ஐந்து லிட்டர் அளவையில் பிடித்துக் காட்டச் சொல்லிக் கேட்கலாம். கிராபிக்ஸ் கார்டுக்கு அப்படி எந்த முத்திரையும் கிடையாது. திறந்த மூலநிரலும், பொறுமையாக அளந்து எழுதும் வெளியாட்களும்தான் நமக்கு உள்ள ஐந்து லிட்டர் அளவை.

நம் வீடுகளுக்குச் சில யோசனைகள்

1. உங்கள் கம்ப்யூட்டரில் எந்த ஓவர்லே இருக்கிறது என்று முதலில் பாருங்கள். என்விடியா என்றால் ஆல்ட்டுடன் இசட், ஏ.எம்.டி. என்றால் ஆல்ட்டுடன் ஆர், விண்டோஸ் கேம் பார் என்றால் விண்டோஸ் பொத்தானுடன் ஜி. மூன்று நான்கு ஓவர்லேக்களைச் சேர்த்து ஓட்டாதீர்கள். ஒன்றோடொன்று மோதி விளையாட்டு நின்றுபோகவும் கூடும்.

2. வேகம் குறைகிறது என்று பிள்ளைகள் புதுக் கார்டு கேட்டால், முதலில் ஓவர்லேயை முழுவதும் அணைத்துவிட்டு விளையாடிப் பார்க்கச் சொல்லுங்கள். பல விளையாட்டுகளில் ‘பெஞ்ச்மார்க்’ என்று சொந்தச் சோதனை இருக்கும். அதை ஓவர்லேயுடன் ஒருமுறை, இல்லாமல் ஒருமுறை ஓட்டி ஒப்பிடலாம். செலவில்லாத சோதனை இது.

3. ஷேடோபிளே போன்ற தொடர் பதிவு வசதியில், விளையாட்டு மட்டுமின்றி டெஸ்க்டாப் திரையையும் பதிவுசெய்யும் தேர்வு உண்டு. அதே கம்ப்யூட்டரில் நெட்பேங்கிங் செய்பவர்கள் அந்தத் தேர்வை அணைத்துவிடுவது நல்லது. மைக்கையும் எப்போதும் திறந்து வைக்காமல், பொத்தானை அழுத்தினால் மட்டும் கேட்கும்படி வைக்கலாம். பதிவு நம் டிஸ்க்கில்தான் சேரும். ஆனால் வீட்டில் பேசிய பேச்சு ஒரு விளையாட்டு வீடியோவின் பின்னணியில் ஒலித்து, அந்த வீடியோ யூடியூபுக்கும் போனால் திரும்பப் பெற முடியாது.

4. ஓவர்லே நிற்கும் அதே வாசலில்தான் விளையாட்டில் ஏமாற்ற உதவும் மென்பொருள்களும் போய் நிற்கின்றன. அதனால் ஆன்லைன் விளையாட்டுகளின் காவல் மென்பொருள் சில ஓவர்லேக்களையும் தடுப்பதுண்டு. ‘கவுன்டர் ஸ்ட்ரைக்’ 2020இல் அப்படி ஒரு காவலைக் கொண்டுவந்தது. பெயர் தெரியாத ஓவர்லேக்களை இறக்கி நிறுவினால் பிள்ளையின் விளையாட்டுக் கணக்கே முடங்கலாம்.

5. புதுக் கார்டு வாங்கும்போது நிறுவனத்தின் விளம்பர எண்ணை மட்டும் பார்க்காதீர்கள். நீங்கள் விளையாடும் விளையாட்டில் ‘1% லோ’ எவ்வளவு என்று வெளி விமர்சகர் இருவரிடமாவது பார்த்து ஒப்பிடுங்கள். இருவர் சொல்வதும் ஒத்துவந்தால் கணக்கு டேலி ஆயிற்று என்று பொருள்.

நம் வளாகத்தில் இந்த விஷயத்தில் என்னைவிடப் பல மடங்கு தெரிந்த இளைஞர்கள் இருக்கிறார்கள். அவர்களில் இரண்டு பேர் முன்வந்தால், ஒரு ஞாயிறு மாலை சங்க அறையில் இரண்டாவது யோசனையில் உள்ள சோதனையை எல்லோருக்கும் செய்து காட்டலாம். வேறு வேறு கார்டுகளில் வரும் எண்களை ஒரு தாளில் எழுதி நம் அறிவிப்புப் பலகையில் ஒட்டினால், அடுத்து கார்டு வாங்கும் வீட்டாருக்குக் கடைக்காரர் சொல்லும் எண்ணோடு ஒப்பிட்டுப் பார்க்க இன்னொரு எண் கையில் இருக்கும். விருப்பமுள்ளவர்கள் சங்க அலுவலகத்தில் பெயர் கொடுக்கலாம்.